படிக்கத் தக்க நூல்களும் செக்ரோல் புத்தகமும்

எமது தோட்டத்து லயத்தில் பிறந்து பட்டணத்துக் கல்லூரியொன்றில் பயின்றுவரும் இளைஞர் ஒருவர், சென்ற ஆண்டு விடுமுறைக்கு வந்திருந்தபோது எம்மிடம் ஒரு வேண்டுகோள் விடுத்தார். "ஐயா, சமூகம் ஏன் இவ்வாறு இருக்கிறது என்று அறிய வேண்டுமாயின் என்னென்ன நூல்களைப் படிக்க வேண்டும்? ஒரு பட்டியல் எழுதித் தாருங்கள்" என்பதே அவ்வேண்டுகோள். நேயர்களே, இவ்வாறு கேட்கப்படுவதில் மனிதனுக்கு உண்டாகும் இன்பம் சாமானியமானதன்று. ஆங்கில வழியே கற்று, கற்றதனைத்தையும் செம்பனைக் குலைகளின் டன் கணக்கு எழுதுவதற்கும் ஆள்கணக்குப் பதிவதற்கும் அன்றி வேறெதற்கும் பயன்படுத்த வாய்ப்பில்லாத எம் போன்ற கிராணிகளுக்கு அது பெருவிருந்து. அன்றிரவே பதினொரு நூல்களின் பெயரை ஆண்டோடும் ஆசிரியரோடும் எழுதி முடித்தோம். எம்மிடமிருந்த ஐந்து நூல்களைக் காகித உறையிட்டுக் கையிலும் கொடுத்தோம்.

மூன்று திங்கள் சென்றபின் அவர் நான்கு நூல்களைப் படித்து முடித்துத் திரும்பக் கொண்டுவந்தார். நன்றாகவே படித்திருந்தார். பேச்சின் முடிவில் மிகுந்த பணிவோடு, "ஒன்று கேட்கலாமா ஐயா? இவற்றையெல்லாம் பல ஆண்டுகளுக்கு முன்பே படித்த தாங்கள் எங்ஙனம் அந்த ஆபீசில் உட்கார்ந்து அந்தக் கணக்கை எழுதுகிறீர்கள்?" என்றார்.

அவர் குத்திக் காட்டுவதற்காகக் கேட்கவில்லை. அறிய விரும்பியே கேட்டார். ஆயினும் அவருடைய அன்னையார் எமது தோட்டத்தில் மருந்து தெளிக்கும் வேலை செய்பவர் என்பதும், அதற்கு முந்திய திங்களில் அவ்வம்மையார் காலைப் பெரட்டுக்கு நேரங்கழித்து வந்ததற்காக அவருக்கு அரைநாள் சம்பளம் வெட்டப்பட்டது என்பதும், அவ்வரைநாளைச் செக்ரோலில் பதிந்த கை எமது கையே என்பதும் எம் இருவருக்கும் தெரியும். அவர் அதைச் சொல்லவில்லை. யாமும் சொல்லவில்லை. "பிறகு பேசுவோம், தம்பி" என்று விடை கொடுத்தோம். அந்தப் 'பிறகு' என்பதற்கு யாம் கடன்பட்டிருக்கிறோம். ஆதலின் படிக்கத் தக்க நூல்கள் யாவை என்னும் வினாவையும், படித்தவன் என்ன ஆக வேண்டும் என்னும் வினாவையும் ஈண்டு ஒருங்கே ஆராயத் துணிந்தோம்.

பட்டியலில் முதலாவதாக யாம் எழுதியது நூலே அன்று. ஓர் இதழில் வெளிவந்த சிறு கட்டுரை. 1783 இல் பெர்லின் நகரத்து மாத இதழொன்றில் பாதிரியார் ஒருவர், அறிவு விளக்கம் என்று எல்லாரும் பேசுகிறார்களே, அஃது யாது என்று எவரேனும் சொல்லியிருக்கிறார்களா என்று ஓர் அடிக்குறிப்பில் வினவினார். அதற்கு மறுமொழியாக 1784 இல் அதே இதழில் இம்மானுவேல் கான்ட் எழுதியது அக்கட்டுரை. ஒரு மாலைப் பொழுதில் படித்து விடலாம். படித்ததை மறப்பதற்குத்தான் ஆயுள் போதாது. மனிதன் தன் அறிவைத் தானே பயன்படுத்த அஞ்சிச் சோம்பி, பிறர் கைப்பிடித்து நடக்கும் நிலையில் தானாகவே விழுந்து கிடக்கிறான் என்பது கான்ட்டின் குற்றச்சாட்டு. இவ்வாறு பிறர் கையை நாடுவோரைச் சுட்டுமிடத்து அவர் முதலாவதாகக் கூறுவது யாரைத் தெரியுமா? தனக்குப் பதிலாகச் சிந்திக்க ஒரு புத்தகம் இருக்கிறது என்று சும்மா இருப்பவனை! குருவும் மருத்துவரும் அதற்குப் பின்னரே வருகின்றனர். நூற்பட்டியல் கேட்போரும் கொடுப்போரும் ஈண்டுச் சற்றே நின்று செல்வது நலம்.

அக்கட்டுரையில் இளைஞரின் வினாவுக்கு நேரான விடையொன்றும் உண்டு. ஒருவன் தன் உத்தியோகத்தில் இருந்துகொண்டு அறிவைச் செலுத்துவது ஒருவகை. அதே மனிதன் உலகத்து வாசகர்முன் எழுத்தாளனாக நின்று அறிவைச் செலுத்துவது மற்றொரு வகை என்று கான்ட் பிரிக்கிறார். முன்னதில் கீழ்ப்படிதல் வேண்டும். பின்னதில் தடையே கூடாது. படைத்தலைவன் கட்டளையிடும்போது போர்வீரன் வாதாடக் கூடாது. ஆனால் படைத்துறையின் பிழைகளைப் பற்றி அவன் எழுதலாம். வரியைச் செலுத்தத்தான் வேண்டும்; வரி அநியாயமானது என்று அச்சிட்டு வெளியிடலாம். இவ்விடத்தை முதன்முறை படித்தபோது எமக்கு உண்டான நிம்மதியை என்னென்று சொல்வோம்! பகலில் செக்ரோல், இரவில் கட்டுரை. இரண்டும் ஒருவனுக்குத் தகும் என்று கோனிக்ஸ்பெர்க் நகரத்துப் பேராசான் இருநூறு ஆண்டுகளுக்கு முன்பே எமக்குச் சீட்டு எழுதிக் கொடுத்துவிட்டார் என்று எண்ணினோம். அதே கட்டுரையில், மதகுரு ஒருவர் தாம் போதிப்பது சமயத்தின் உட்பொருளுக்கே மாறானது என்று கண்டால் பதவியைத் துறக்க வேண்டும் என்று எழுதியிருப்பதை மட்டும் பல ஆண்டுகள் எமது கண்கள் தாண்டிச் சென்றன. கண்களுக்கும் ஊதியம் உண்டு போலும்.

இந்தப் பிரிவினையின் அடிவேரை ஆட்டியவர்கள் பிராங்க்பர்ட் நகரத்துச் சமூக ஆராய்ச்சிக் கழகத்தார். 1923 இல் தோன்றிய அக்கழகத்தைப் பற்றித் தமிழில் அறிந்தோர் சிலரே. அதன் தலைவராயிருந்த மாக்ஸ் ஹொர்க்ஹைமர், 1933 இல் நாஜிகள் கழகத்தை மூடியபின், அமெரிக்காவில் அடைக்கலம் புகுந்திருந்த காலத்தில், 1937 இல் 'மரபுக் கொள்கையும் விமரிசனக் கொள்கையும்' என்னும் நீண்ட கட்டுரையை எழுதினார். நடை கரடுமுரடானது, முதற் பத்துப் பக்கங்களில் பலர் புத்தகத்தை மூடிவிடுவர். யாமும் இருமுறை மூடினோம். ஆயினும் அதிற் கூறப்படுவது எளிய விஷயமே. மரபு வழி நிற்கும் அறிஞன், சமூகத்தை மழையையும் மலையையும் போலத் தனக்குப் புறம்பான பொருளாக வைத்து எண்ணி அளந்து வகைப்படுத்துகிறான். அளந்து முடித்தபின் குடிமகனாக மாறி, வாக்களிக்கிறான், கட்சியில் சேர்கிறான், இதழ்களுக்குக் கட்டுரை எழுதுகிறான். அளந்தவனும் எழுதியவனும் ஒருவனே என்பதும், தான் அளக்கும் கோலே அச்சமூகத்தின் வேலைகளுள் ஒன்று என்பதும் அவனுக்குத் தோன்றுவதில்லை. அவ்விரண்டையும் ஒன்றாக எண்ணத் தொடங்குவதே விமரிசனக் கொள்கை. கான்ட் கொடுத்த சீட்டை ஹொர்க்ஹைமர் எமது கையிலிருந்து வாங்கிக் கிழித்தெறிந்தார் என்றே கூற வேண்டும்.

அப்படியாயின் அக்கழகத்தார் எதைத் தின்று வாழ்ந்தனர் என்று கேட்பது குறும்பாகாது. கழகத்துக்குப் பொருள் உதவியவர் பீலிக்ஸ் வைல் என்பவர். ஆர்ஜென்டினாவிலிருந்து தானியம் ஏற்றுமதி செய்து பெருஞ் செல்வம் குவித்த வணிகரின் மைந்தர். செல்வர் ஒருவர் உலகத்துத் துன்பத்துக்குக் காரணம் யாதெனக் கண்டறியப் பணம் கொடுத்தார் என்றும், அக்காரணம் அச்செல்வரே என்றும் நாடகாசிரியர் பிரெக்ட் நையாண்டி செய்தது உண்டு. எங்கெல்ஸின் கதையும் வேறன்று. 1845 இல் ஆங்கிலத் தொழிலாளரின் நிலையைப் பற்றி நெஞ்சு பதறும் நூலை எழுதிய அவர், பின்னர் 1850 முதல் 1869 வரை மான்செஸ்டர் நகரில், தம் தந்தையார் கூட்டாளியாயிருந்த பஞ்சாலைக் கம்பெனியின் ஆபீசில் கடிதமும் கணக்கும் எழுதினார். அவ்வேலையை அவர் வெறுத்தார். அதிலிருந்து வந்த பணமே மார்க்ஸின் குடும்பத்துக்குச் சோறிட்டது. 'மூலதனம்' என்னும் நூலின் அடியில் ஒரு கிராணியின் சம்பளம் கிடக்கிறது என்று எண்ணி யாம் மகிழ்ந்ததுண்டு. ஆனால் அம்மகிழ்ச்சியை அளவோடு கொள்ளல் வேண்டும். எங்கெல்ஸ் முதலாளியின் மகன். பின்னர்ப் பங்குதாரரும் ஆனவர். எமது சம்பளத்தில் எந்த மார்க்ஸும் உண்ணவில்லை.

பட்டியலில் மூன்றாவதாக யாம் எழுதியதே எம்மைப் பொறுத்தவரை முதலாவது. ஸீக்பிரீட் கிராகவர் என்பவர் பிராங்க்பர்ட்டின் பெரிய நாளிதழொன்றில் பணிபுரிந்தவர். கட்டடக் கலை பயின்றவர். 1929 இல் பெர்லினில் தங்கி, அந்நகரத்து ஆபீசுகளில் வேலை செய்யும் குமாஸ்தாக்கள், தட்டச்சுப் பெண்கள், கடைச் சிப்பந்திகள் ஆகியோரை அடுத்துப் பேசி எழுதியவை நாளிதழில் தொடராக வந்து, 1930 இல் 'உத்தியோகஸ்தர்' என்னும் பொருள்படும் பெயரோடு நூலாயின. அக்காலத்து ஜெர்மனியில் இத்தகையோர் முப்பத்தைந்து லட்சம் பேர். ஆப்பிரிக்கக் காடுகளுக்குச் சென்று எழுதும் ஆசிரியர் உண்டு. அடுத்த மேசையில் இருப்பவனைப் பற்றி எழுதுவோர் இலர் என்பதே கிராகவர் கண்ட புதுமை.

அந்நூலைப் படிக்குந்தோறும் யார் எமது வீட்டுக் கதவைத் திறந்து உள்ளே நோக்கினார் என்று கூச்சமுண்டாகும். குமாஸ்தாவின் சம்பளம் தொழிலாளியின் சம்பளத்தைவிட அதிகமன்று. அவன் வேலையும் இயந்திரத்தால் துண்டு துண்டாக்கப்பட்டுவிட்டது. நாற்பது வயது கடந்தால் வேலை இழந்தவனை எவரும் சீந்துவதில்லை. ஆயினும் தான் தொழிலாளி அல்லன் என்னும் எண்ணமொன்றே அவனுக்குச் சொத்து. மாலையில் அவன் செல்லும் பெரிய கேளிக்கை மண்டபத்தில் பவேரிய மலைக்காட்சி ஒருபுறம், அமெரிக்க மேற்குத் திசையின் குதிரைவீரர் கடை மறுபுறம். தன் ஊரைத் தவிர உலகனைத்தும் அங்கே அவனுக்குக் காட்டப்படும். வேலைக்கு ஆள் எடுக்கும் அதிகாரியொருவரிடம், தோற்றம் இனிதாயிருக்க வேண்டும் என்கிறீர்களே, அழகாயிருக்க வேண்டுமா என்று கிராகவர் கேட்கிறார். அழகன்று, நன்னடத்தை தெரியும் இளஞ்சிவப்பு மேனி என்ற கருத்துப்பட அவர் விடை சொல்கிறார். நிறத்துக்கும் நடத்தைக்கும் முடிச்சுப் போடும் வழக்கம் நமக்கு மட்டுமே உரியது என்று எண்ணியிருந்தோர் இதனைக் கவனிப்பாராக.

தோட்டத்தில் கிராணியின் வீடு லயத்திலிருந்து தள்ளி நிற்கும். இடையில் இருப்பது ஒரு கால்பந்துத் திடல் அளவே. ஆனால் அதைக் கடக்க எமது குடும்பத்துக்கு மூன்று தலைமுறை ஆயிற்று. எம் பாட்டனார் பால்மரம் வெட்டியவர். அத்திடலைத் திரும்பக் கடந்துவிடுவோமோ என்னும் அச்சமே, அரைநாள் வெட்டு எழுதும்போது எமது கை நடுங்காமல் காக்கிறது. இதை எமக்குச் சொல்லிக் கொடுத்தவர் கிராகவரே.

இதனோடு சேர்த்துப் படிக்கத் தக்கது எரிக் பிரம் என்பவர் அதே கழகத்தின் சார்பில் 1929 இல் தொடங்கிய ஆராய்ச்சி. ஜெர்மானியத் தொழிலாளர்க்கும் உத்தியோகஸ்தர்க்கும் 271 வினாக்கள் கொண்ட தாள்கள் மூவாயிரத்துக்கு மேல் அனுப்பப்பட்டன. அவற்றுள் ஏறக்குறைய 1100 திரும்பி வந்தன. எக்கட்சிக்கு வாக்களிக்கிறீர் என்று கேட்டதோடு நில்லாமல், சுவரில் என்ன படம் மாட்டியிருக்கிறீர், பிள்ளைகளை அடிக்காமல் வளர்க்க முடியுமா என்றும் கேட்டனர். வாயளவில் புரட்சி பேசியோருட் பலர் வீட்டளவில் சிறு சர்வாதிகாரிகளாயிருந்தமை விடைகளில் வெளிப்பட்டது. சொல்லும் உள்ளமும் ஒத்திருந்தோர் சிறு பகுதியினரே. கழகத்தாருக்குள் எழுந்த பிணக்கால் இந்நூல் 1980 வரை அச்சேறாமலே கிடந்தது. இத்தகைய வினாத்தாள் ஒன்றை நமது சீர்திருத்த மேடைகளில் ஏறுவோருக்குக் கொடுத்தால் விடைகள் எப்படியிருக்கும்? சமத்துவத்தைப் பற்றி ஒரு மணி நேரம் பேசிவிட்டு இறங்கியவர், தம் மகளுக்கு வந்த வரனைப் பற்றி, "பையன் நல்ல பையன்தான், ஆனால் அவர்கள் என்ன ஆட்கள்?" என்று எமது காதருகே கேட்டதுண்டு. பெயர் வேண்டா. கேட்கப்பட்ட யாமும் அவ்வினாவைக் கண்டிக்காது, விசாரித்துச் சொல்வதாகவே விடையளித்தோம்.

அம்பேத்கர் 1936 இல் வெளியிட்ட 'ஜாதி ஒழிப்பு' பட்டியலில் இருந்ததற்கு இதுவே காரணம். லாகூரில் ஆற்றுவதற்காக அவர் எழுதிய உரை அது. அழைத்தவர்கள் சில பகுதிகளை மாற்றச் சொன்னார்கள், அவர் மறுத்தார், கூட்டம் நின்றது, உரையைத் தம் செலவில் அச்சிட்டார். நூலைப் படிப்பதற்கு முன்பே அது வெளிவந்த விதத்தில் ஒரு பாடம் முடிந்துவிடுகிறது.

மலாயாவைப் பற்றி ஒன்றேனும் வேண்டுமே என்று ஸைட் ஹுஸைன் அலாதாஸ் 1977 இல் வெளியிட்ட 'சோம்பேறிச் சுதேசி என்னும் கட்டுக்கதை'யைச் சேர்த்தோம். மலாய்க்காரரும் ஜாவானியரும் பிலிப்பீனோக்களும் சோம்பேறிகள் என்னும் பேச்சு, காலனிகளின் முதலாளித்துவம் தனக்குத் தேவையான வேலையை மட்டுமே வேலை என்று மதித்ததால் பிறந்தது என்று அவர் நாட்டுகிறார். தோட்டக் கூலிக்கு வர மறுத்தவன் சோம்பேறி எனப்பட்டான். வந்தவனாகிய நம் பாட்டன் பணிவுள்ளவன் எனப்பட்டான். இரு பெயரும் ஒரே கணக்குப் புத்தகத்தில் எழுதப்பட்டவை என்பது எமது துணிபு. இன்று நம் தோட்டங்களில் குலை வெட்டுவோரிற் பெரும்பாலோர் இந்தோனேசியரும் வங்காள தேசத்தவரும். அவர்களைப் பற்றி நம்மவர் டீக்கடையில் பேசும் பேச்சைக் கேட்டால், அலாதாஸ் எடுத்துக் காட்டும் பழைய வெள்ளைக்காரரின் குரல் தமிழில் ஒலிக்கும்.

அதோர்னோவும் ஹொர்க்ஹைமரும் சேர்ந்து எழுதி 1947 இல் ஆம்ஸ்டர்டாமில் வெளியான பெருநூலையும், மார்க்கூஸின் 1964 ஆம் ஆண்டு நூலையும் பட்டியலில் எழுதியது பெரும்பாலும் பெருமைக்காகவே என்று ஒப்புக்கொள்கிறோம். அவை பின்னர்ப் படிக்கத் தக்கவை. இளைஞரும் அவற்றைத் திறந்து பார்த்துவிட்டு அப்படியே திருப்பித் தந்தார். மார்க்ஸின் 'மூலதனம்' தியாகு அவர்களின் தமிழாக்கத்தில் கிடைக்கிறது. முதலிலிருந்து தொடங்கித் தளர்ந்து போவதைவிட, வேலைநாளைப் பற்றிய அத்தியாயத்தை முதலிற் படித்தல் நன்று.

அவ்வத்தியாயத்திலேதான் எமக்கு ஒரு வழி புலப்பட்டது. மார்க்ஸ் அதில் அடுக்கடுக்காக எடுத்துக் காட்டும் சான்றுகள் புரட்சியாளர் எழுதியவை அல்ல. இங்கிலாந்து அரசாங்கத்தின் தொழிற்சாலை இன்ஸ்பெக்டர்கள் தம் உத்தியோகக் கடமையாக எழுதிய அறிக்கைகள். அவர்களுள் லியோனார்ட் ஹார்னர் என்பவரைக் குறித்து, ஆங்கிலத் தொழிலாளர்க்கு அவர் ஆற்றிய சேவை அழியாதது என்ற கருத்துப்பட மார்க்ஸ் எழுதுகிறார். ஹார்னர் பொதுவுடைமையாளர் அல்லர். 1833 முதல் 1859 வரை சம்பளம் வாங்கிய உத்தியோகஸ்தர். ஆலையதிபர் சாப்பாட்டு வேளையிலிருந்து திருடிய நிமிடங்களை நிமிடக் கணக்காகவே எழுதினார்; அவ்வளவே. கான்ட் கூறிய உத்தியோகப் பேனாவே மெய்யையும் எழுத வல்லது என்பதற்கு அவர் சான்று. இரவுக் கட்டுரையில் மட்டுமன்று, பகற் பதிவேட்டிலும் அறிவுக்கு இடமுண்டு.

ஆபீசைத் துறந்து போனவர்களும் உண்டு. தத்துவ ஆசிரியையாயிருந்த ஸிமோன் வேய், விடுப்பெடுத்துக்கொண்டு 1934 டிசம்பரில் பாரிஸ் நகரத்துத் தொழிற்சாலையில் கூலிப் பெண்ணாகச் சேர்ந்தார். 1935 வரை மூன்று ஆலைகளில் உழைத்து அவர் எழுதிய நாட்குறிப்பு அவருடைய மரணத்துக்குப் பின் 1951 இல் வெளிவந்தது. அதில் எம்மை வாட்டுவது அவர் பட்ட தீக்காயமோ தலைவலியோ அன்று. நாள் செல்லச் செல்லச் சிந்திப்பதே துன்பமாகி, சிந்தியாதிருப்பதே துன்பத்துக்கு மருந்தாகிவிட்டது என்று அவர் கண்டதே. தத்துவம் கற்ற ஒருவருக்கே ஓராண்டுக்குள் இந்நிலையெனின், முப்பது ஆண்டு மருந்துப் பொறி சுமந்த முதுகை நோக்கி, "நீ ஏன் படிப்பதில்லை?" என்று கேட்க எமக்கு வாய் ஏது? பட்டியலில் இந்நூலைச் சேர்த்தபோது இளைஞரின் அன்னையார் எமது நினைவில் இல்லை. இப்போது அந்நூலைத் திறந்தால் வேறெவரும் நினைவுக்கு வருவதில்லை.

இனி நடந்ததைக் கூறுவோம். இளைஞர் கேட்டுச் சென்ற மறுநாள், கணினியில் அத்திங்களின் செக்ரோலைத் திறந்து பார்த்தோம். அரைநாள் வெட்டு விதிப்படியே இருந்தது, பிழையில்லை. காரணம் எழுதும் கட்டம் மட்டும் வெறுமையாயிருந்தது. ஏனென்று மண்டோரை விசாரித்தோம். முந்திய நாள் தெளித்த மருந்தின் வாடையால் இரவெல்லாம் வாந்தியெடுத்த அம்மையார், விடியலில் எழ இயலாது பிந்தி வந்தார் என்றும், அதை அன்றே தம்மிடம் கூறினார் என்றும் அவர் சொன்னார். எம்மிடம் ஒருவரும் சொல்லவில்லை என்று எமக்குள் வாதாடிப் பார்த்தோம். யாம் ஒருவரையும் கேட்கவில்லை என்பதே மெய். அக்காரணத்தை அக்கட்டத்தில் எழுதினோம். பின்னர் மானேஜரிடம் சென்று, இனி ஒவ்வொரு வெட்டுக்கும் காரணம் பதிய வேண்டும் என்றும், இந்த அரைநாளைத் திரும்பக் கொடுக்க வேண்டும் என்றும் கூறினோம். காரணம் எழுதுவதை அவர் தடுக்கவில்லை. அரைநாளைத் திரும்பக் கொடுக்கவுமில்லை. முடிந்துபோன திங்களின் கணக்கைத் திறக்க இயலாது என்றார். அதற்கு மேல் யாம் வாதாடவில்லை. ஏன் வாதாடவில்லை என்பதற்குக் கிராகவர் நூலில் விடை இருக்கிறது, மேலேயும் எழுதியிருக்கிறோம். அந்நாள் முதல் எமது செக்ரோலில் காரணக் கட்டம் ஒன்றேனும் வெறுமையாய் இல்லை. ஹார்னரின் அறிக்கையைப் போல அதை எவரும் வந்து படிக்கப் போவதில்லை என்பதும் எமக்குத் தெரியும்.

இளைஞரிடம் இவ்வனைத்தையும் சொன்னோம். அவர், "அவ்வளவுதானா ஐயா?" என்றார். அவ்வளவுதான் என்றோம். சற்று நேரம் பேசாதிருந்துவிட்டு, விடுமுறை முடியும் வரை ஞாயிறுதோறும் கூடி ஒரு நூலையேனும் சேர்ந்து படிக்கலாமா என்று அவரே கேட்டார். அதோர்னோ பள்ளி மாணவராயிருந்தபோது, தம்மைவிடப் பதினான்கு வயது மூத்த கிராகவரோடு சனிக்கிழமைப் பிற்பகல்களில் கான்ட்டைப் படித்ததாகவும், கல்லூரி ஆசிரியர்களைவிட அவ்வாசிப்புக்கே தாம் அதிகம் கடன்பட்டிருப்பதாகவும் பிற்காலத்தில் எழுதியதை அவருக்குச் சொன்னோம். எமது வீட்டில் கூடலாமா, அவர் வீட்டிலா என்னும் பேச்சு எழுந்தது. அவர் வீட்டில் என்று முடிவாயிற்று.

ஆகவே சென்ற சில ஞாயிறுகளாகத் திடலைக் கடந்து செல்கிறோம். யாம் ஆங்கிலத்தில் கிராகவரைப் படித்துத் தமிழிற் சொல்ல, இளைஞர் இடைமறித்துக் கேட்பார். அன்னையார் வாசற்படியில் கீரை ஆய்ந்துகொண்டிருப்பார். கேட்கிறாரா இல்லையா என்று தெரியாது. சென்ற வாரம் நிமிர்ந்து, "கிராணி ஐயா, அந்த ஊர்க் கிராணிமாருக்கும் அரைநாள் வெட்டு உண்டா?" என்றார்.

"அரைநாள் இல்லை அக்கா. நாற்பது வயதானால் முழுநாளையும் வெட்டிவிடுவார்கள்" என்றோம்.

"அப்போ உங்களுக்கு இன்னும் எத்தனை வருசம்?" என்று கேட்டுவிட்டு, அவர் அடுத்த கீரைக் கட்டைப் பிரித்தார்.